செத்த போனின் நம்பர்

‘அன்புள்ள மகனுக்கு’ என்றுதான் எழுதி ஆரம்பித்தேன். எழுதியதைப் பார்த்ததும் எனக்கே சகிக்கவில்லை, அடித்துவிட்டேன். அன்பு இல்லாமல் போய்விடவில்லை. அது எங்கே போகும், பெற்ற வயிறு ஆயிற்றே. ஆனால் இப்போது அதன் மேல் வேறொன்று ஏறி உட்கார்ந்திருக்கிறது. உன் பெயரை நினைத்தாலே வாயில் எச்சில் ஊறுகிறது, காறித் துப்பலாம் போல் இருக்கிறது. ஒரு தாய் எழுதுகிற எழுத்தா இது என்று படிக்கிறவர்கள் கேட்பார்கள். கேட்கட்டும். கல்யாண மாப்பிள்ளைக்கு அம்மா எழுதும் கடிதம் நாலு மூலையில் மஞ்சள் தடவி மங்களமாக இருக்க வேண்டும் என்று எனக்கும் தெரியும். மங்களமாக எழுத எங்கே இடம் வைத்தாய் நீ?

அருவருப்பு என்பதே எனக்குக் கிடையாது, அது உனக்கு நன்றாகத் தெரியும். பூந்தமல்லி மார்க்கெட்டுக்குப் பின்னால் நம் கடையைத் திறந்ததிலிருந்து எத்தனை விதமான போனை இந்தக் கை பிரித்திருக்கிறது. கறிக்கடைக்காரர் போனைத் திறந்தால் ஸ்பீக்கர் வலையில் காய்ந்த ரத்தமும் கொழுப்பும் அப்பியிருக்கும். வெற்றிலை போடுகிறவர் போனில் சிவப்பு எச்சில். காது அழுக்கு எல்லாப் போனிலும் உண்டு, பெரிய ஐ.டி. கம்பெனிக்காரர் போனிலும் உண்டு. கக்கூஸில் விழுந்த போனைக் கழுவாமல்கூட பிளாஸ்டிக் பையில் போட்டு எடுத்து வந்து, “தண்ணில வியுந்துடுச்சிக்கா” என்று மட்டும் சொல்வார்கள். எந்தத் தண்ணீர் என்று நான் கேட்டதில்லை, மோந்தாலே தெரியும். நீ கடைக்கு வெளியே ஓடிப்போய் நிற்பாய். நான் பிரஷ்ஷைத் தின்னரில் தொட்டுத் தேய்த்துக் கொடுத்துவிட்டு, கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, அதே கையால் சோறு தின்றவள். அப்பேர்ப்பட்ட எனக்கு ஆவடியில் உன் புதுக் கடையில் உன் வாயிலிருந்து அந்த ஒரு பேச்சு விழுந்தபோது குமட்டியது. வெளியே வந்து சாக்கடை ஓரம் நின்று நிஜமாகவே வாந்தி எடுத்தேன். நீ உள்ளே இருந்து எட்டிப் பார்த்தாய். ஒரு தம்ளர் தண்ணீர் எடுத்து வரத் தோன்றவில்லை உனக்கு.

நடந்ததை முதலில் இருந்து சொல்கிறேன். உனக்குத் தெரியும், ஆனால் இதைப் படிக்கப்போகிற மற்றவர்களுக்குத் தெரியாது. அவர்களுக்கும் சேர்த்துத்தான் எழுதுகிறேன். ஏன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

அம்பத்தூர் எஸ்டேட் கம்பெனியில் சர்க்யூட் போர்டுக்கு ஈயம் உருக்கிச் சால்டர் வைத்த கை என்னுடையது. உடைந்தது, பிய்ந்தது, எரிந்தது எதுவானாலும் என் கைக்கு அடங்கும். ஆனால் உடையாமல், பிய்யாமல், ஆன் பண்ணினால் கம்பெனி லோகோவிலேயே நின்று முழிக்கிற போன் வந்தால் நான் கை கட்டி நிற்பேன். அந்த வேலையை எனக்குக் கற்றுக்கொடுத்தவன் நீதான். டிப்ளமா முடித்துவிட்டு வேலை தேடிக்கொண்டிருந்த நாட்களில், கடையில் என் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, கம்ப்யூட்டரைத் திருப்பி வைத்துக்கொண்டு சொல்லிக்கொடுத்தாய். “டிஏ ஃபைல்னா இன்னாடா?” என்று நான் கேட்டேன். “டவுன்லோட் ஏஜென்டும்மா. வூடு பூட்டிக்கீதுன்னு வெச்சிக்க. சாவி உள்ள மாட்டிக்கிச்சி. இன்னா பண்ணுவ? ஜன்னல் வழியா ஒரு ஆள உள்ள எறக்கி, கதவ தொறடான்னு சொல்லுவ இல்ல? அந்த ஆளுதான் இந்த ஃபைலு. செத்த போனு கம்ப்யூட்டரோட பேசாது. மொதல்ல இவன் உள்ள போவான். போயி தொறந்து வுட்டாத்தான் நாம புது சாஃப்ட்வேர ஏத்த முடியும்” என்றாய். நான் விடவில்லை. “உள்ள போற ஆளு யோக்கியனா? பீரோவ தொறந்துட்டா?” என்றேன். நீ சிரித்தாய். “அவனுக்கு யோக்கியமும் தெரியாது, அயோக்கியமும் தெரியாது. நாம இன்னா சொல்றமோ அத்த செய்வான். நாமதான் யோக்கியமா இருக்கணும்” என்றாய். என் பிள்ளை எவ்வளவு நன்றாகப் பேசுகிறான் என்று அன்றைக்கு உன் அப்பாவிடம் சொல்லிச் சொல்லிப் பூரித்தேன். இப்போது அந்தப் பூரிப்பை நினைத்தாலும் எரிச்சலாக இருக்கிறது.

நம் கடைக்கு வழக்கம் என்று இரண்டை வைத்ததும் நீதான். ஃப்ளாஷ் போடுவதற்கு, அதாவது புது சாஃப்ட்வேரை ஏற்றுவதற்கு, முன்னால் போனுக்குள் இருக்கும் அதன் நம்பர் பகுதியைப் படித்து ஒரு நகல் எடுத்து வைக்க வேண்டும். ஒவ்வொரு போனுக்கும் பிறக்கும்போதே கம்பெனி எழுதி அனுப்புகிற நம்பர் ஒன்று உண்டு, அது போகிற இடமெல்லாம் டவருக்குத் தன்னை இன்னார் என்று சொல்லிக்கொள்கிற நம்பர். அவசரத்தில் ‘ஃபார்மட் ஆல்’ என்று அமுக்கிவிட்டால் அதுவும் சேர்ந்து அழிந்துபோகும். அழிந்தால் போன் எரியும், பாட்டுப் பாடும், ஆனால் சிக்னல் மட்டும் வராது. இது முதல் வழக்கம். இரண்டாவது, வேலை முடிந்ததும் ஸ்டார் ஹாஷ் ஜீரோ சிக்ஸ் ஹாஷ் என்று வாடிக்கையாளர் விரலாலேயே அமுக்க வைத்து, திரையில் வருகிற நம்பரையும் பெட்டி மேல் ஒட்டியிருக்கும் நம்பரையும் அவர் கண்ணாலேயே பார்க்க வைக்க வேண்டும். வேறு எந்தக் கடையிலும் இதைச் செய்வதில்லை. “இன்னாத்துக்குடா இவ்ளோ சடங்கு?” என்று நான் அலுத்துக்கொண்டபோது, “அவங்க குடுத்த போனத்தான் திருப்பிக் குடுத்தோம்னு அவங்களுக்கே தெரியட்டும்மா” என்றாய்.

ஏரித் தண்ணீர் தெருவுக்குள் வந்த அந்த மழைக்காலத்தை மறந்திருக்க மாட்டாய். செம்பரம்பாக்கம் வரை உள்ள ஜனம் நனைந்த போனைக் கொண்டுவந்து நம் மேஜையில் கொட்டியது. கரண்ட் இல்லை, அரிசி மூட்டையைப் பிரித்துப் போட்டு அதில் புதைத்து வைத்தோம். எல்லாமே கறுப்பாக, ஒரே மாதிரி, செத்துக் கிடந்தன. நீ பேண்டேஜ் துணியைக் கிழித்து ஒவ்வொன்றிலும் பெயரை எழுதிக் கட்டினாய். “மாறிச்சின்னா ஒருத்தன் வாழ்க்க இன்னொருத்தன் கையில பூடும்மா” என்று சொல்லிக்கொண்டே கட்டினாய். நான் கேட்டுப் பழகிய வாய் அது. அதே வாய்தான் இப்படியும் பேசுமா என்றுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

பார்வதியைப் பற்றி இந்தத் தெருவில் யாருக்கும் சொல்லத் தேவையில்லை. தெருக்கோடி வீடு. நூம்பலில் அந்தப் பெரிய அபார்ட்மெண்டில் நாலு வீட்டில் பாத்திரம் தேய்த்து, வீடு துடைத்துப் பிழைக்கிறாள். என்னை அக்கா என்பாள், உன்னைக் கண்ணு என்பாள், நீ அவளை அத்தை என்பாய். எனக்கு டைபாய்டு வந்து படுத்திருந்தபோது உனக்குச் சோறு போட்டவள். அவள் போன் அப்டேட் போட்டு லோகோவில் நின்றுபோய்விட்டது என்று கடைக்குக் கொண்டுவந்திருக்கிறாள். நான் கொரட்டூரில் என் அக்கா மகள் வளைகாப்புக்குப் போயிருந்தேன், கடையில் நீ இருந்தாய். நகல் எடுக்கவில்லை. வருங்கால மாமனார் வீட்டிலிருந்து போன் வந்துகொண்டே இருந்ததாம், ஒரு கையில் பேசிக்கொண்டே மறு கையால் ‘ஃபார்மட் ஆல்’ அமுக்கியிருக்கிறாய். பச்சை டிக் வந்தது, நம்பர் போனது. சரி, கை தவறுவது மனிதனுக்குத்தான். எனக்குத் தவறியதில்லையா? டிஸ்ப்ளே மாற்றும்போது எத்தனை பேர் கேமராவை உடைத்துவிட்டுத் திட்டு வாங்கியிருக்கிறேன். ‘அத்தை, என் தப்பு, நம்பர் அழிஞ்சிடுச்சி, பில்லோட சர்வீஸ் சென்டருக்குப் போவோம், நான் கூட வரேன்’ என்று சொல்லியிருந்தால் அவள் இரண்டு வார்த்தை முணுமுணுத்துவிட்டுக் கிளம்பியிருப்பாள். அதைச் சொல்ல உனக்கு வாய் வரவில்லை. கிலோ கணக்கில் வாங்கிப்போட்ட ஸ்கிராப் மூட்டையைக் கிளறி, செத்த போன் ஒன்றின் நம்பரைப் பார்த்து, அதை அவள் போனில் எழுதிவிட்டாய். சிக்னல் வந்தது. அவள் விரலால் அமுக்க வைத்துப் பெட்டியோடு பார்க்கச் சொல்லும் வழக்கம் அன்றைக்கு மட்டும் கிடையாது. மறுநாள் அவள் சந்தோஷத்தில் வஞ்சிரக் கருவாட்டுக் குழம்பு வைத்துத் தூக்குவாளியில் கொடுத்தனுப்பினாள். நீ இரண்டாம் தடவையும் சோறு போடச் சொல்லிச் சாப்பிட்டாய். நான்தான் பரிமாறினேன், எனக்கு எதுவும் தெரியாது.

அந்தச் செத்த போன் திருட்டுப் போன். யாரிடமோ பறித்து, யாரோ உடைத்து, குப்பையாகி நம் மூட்டைக்கு வந்திருக்கிறது. பறிகொடுத்தவர் புகார் கொடுத்து வைத்திருக்கிறார். அந்த நம்பர் பார்வதியின் போனில் உயிர் பெற்றதும் போலீசுக்குத் தெரிந்துவிட்டது. சிம் அவள் பெயரில். தேடிக்கொண்டு நேராக நூம்பலுக்கே போய்விட்டார்கள். அவள் இடுப்பில் சொருகிய புடவையோடு, கையில் விம் சோப்பு நுரையோடு லிப்டில் இறங்கி வந்து நின்றாளாம். அந்த ஃபிளாட்டுக்காரர்கள் பால்கனியில் நின்று பார்த்தார்களாம். “நான் ஆன்லைன்ல வாங்குனது சார், பொட்டி கீது, பில்லு கீது, ரிப்பேர் ஆச்சின்னு நம்ம தெரு கடையில குடுத்தேன்” என்று சொல்லி, போலீசை அவளே நம் கடைக்கு அழைத்து வந்திருக்கிறாள். உன்னை நம்பி வந்திருக்கிறாள். நான் முகூர்த்தப் புடவை எடுக்க உன் அப்பாவோடு போயிருந்தேன். கடைக்கு முன்னால் அரைத் தெரு கூடி நிற்க, நீ அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாயாம்: “இந்த போனு நம்ம கடைக்கு வர்லயே சார்.” முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவனைக் கேள்விப்பட்டிருக்கிறேன். நீ ஒரு மனுஷியையே மறைத்துவிட்டாய்.

எனக்கு யாரும் சொல்லவில்லை. கல்யாண வீடு, அபசகுனம் எதற்கு என்று தெருவே வாயை மூடிக்கொண்டது. பத்திரிகை அச்சாகி வந்ததும் குலதெய்வத்துக்கு வைத்துவிட்டு, தெருவில் முதல் பத்திரிகை பார்வதிக்குத்தான் என்று நான் எப்போதோ சொல்லி வைத்திருந்தேன். நீயும் போனில், “எப்பவும் போல அத்தைக்கும் வெச்சிடும்மா, விட்டுட்டா தப்பா நெனைக்க போறாங்க” என்றாய். என்ன நெஞ்சழுத்தம்டா உனக்கு! நான் ஒன்றும் தெரியாத முண்டமாக, பட்டுப் புடவை கட்டி, தட்டில் வெற்றிலை பாக்கு, மஞ்சள், குங்குமம், பூ, பழம் எல்லாம் வைத்து, மேலே உன் பத்திரிகையை வைத்து எடுத்துக்கொண்டு அவள் வாசலில் போய் நின்று, “கல்யாணத்துக்கு முன்னாடியே வந்து எடுத்துக்கட்டி செய்யணும் பார்வதி” என்று பல்லை இளித்தேன்.

அவள் தட்டை வாங்கவில்லை. சுமங்கலி ஒருத்தி வைக்கிற தட்டை இன்னொருத்தி வாங்காமல் நிற்பதை என் ஆயுளில் அன்றைக்குத்தான் பார்த்தேன். உள்ளே போய் அந்தப் போன் பெட்டியை எடுத்து வந்து தட்டுக்குப் பக்கத்தில் தரையில் வைத்தாள். “இத்த பாருக்கா. பொட்டில ஒரு நம்பரு, போன்ல வேற நம்பரு. திருட்டு போன கையில வெச்சிக்கினு, வேற பொட்டிய காட்டி ஏமாத்துறியான்னு ஸ்டேஷன்ல கேக்குறாங்க. போன புடுங்கிக்கினாங்க. தெனம் வந்து ஒக்காருன்றாங்க. நூம்பல்ல நாலு வூடும் பூட்ச்சி. கேட்டுக்கு இந்தாண்டயே நிக்க வெச்சி, இனிமே வராதன்னு சொல்லிட்டாங்க. ஒரு வூட்டம்மா காணாப்போன வெள்ளி டம்ளருக்கும் என்னியத்தான் கேக்குது” என்றாள். அழவில்லை. கோபமாகத்தான் சொன்னாள். “உன் புள்ள என் மூஞ்ச பாத்துக்கினே வர்லன்னான்க்கா. அவன் ஏன் அப்டி சொன்னான்னு எனக்கு இந்த நிமிஷம் வரிக்கும் புரியல” என்றாள். அவளுக்குப் புரியவில்லை, எனக்குப் புரிந்துவிட்டது. பெட்டியில் ஒரு நம்பர், போனில் ஒரு நம்பர் என்றால் அது ஒரு வழியில்தான் நடக்கும், அந்த வழி எனக்குத் தெரியும், நீ சொல்லிக்கொடுத்ததுதான். பழி ஓரிடம், பாவம் ஓரிடம் என்பார்கள். பழி எதிரே நின்றுகொண்டிருந்தது. பாவத்தின் பத்திரிகையை ஏந்திக்கொண்டு நான் நின்றேன்.

அந்தப் பட்டுப்புடவையோடுதான் ஆவடி பஸ் ஏறினேன். உன் புதுக் கடையில் ஏசி போட்டு, கண்ணாடிக் கதவு வைத்து, கலர் விளக்கெல்லாம் மாட்டியிருந்தாய். நீ கேபிளை மாட்டி யாருடைய போனுக்கோ ஃப்ளாஷ் ஏற்றிக்கொண்டிருந்தாய். கண்ணைத் திரையிலிருந்து எடுக்காமலே பேசினாய். நீ பொய் சொல்லவில்லை, அதை ஒப்புக்கொள்கிறேன். பொய் சொல்லியிருந்தால்கூடப் பயந்துவிட்டான் பிள்ளை என்று நினைத்திருப்பேன்.

“செத்த போன் நம்பர் தானேம்மா, எவன் கேக்க போறான்னு எயுதிட்டேன். அது திருட்டு போனுன்னு எனக்கு எப்டி தெரியும்?” என்றாய்.

“சரிடா, தெரியாது. போலீசு வந்தப்ப தெரிஞ்சிதில்ல? அப்ப சொல்றதுக்கு இன்னா?”

“நீ வேற. நம்பர மாத்தி எயுதறது கேஸும்மா. உள்ள வெச்சிடுவான். கல்யாணம் நின்னுடும், கடை பூடும்.”

“அதுக்கு அவ போவணுமா?”

“அவங்களுக்கு இன்னாம்மா, நாலு வூடு போனா வேற நாலு வூடு. ஒரு புது போன் வாங்கி குடுத்துடலாம் வுடு.”

இதுதான் அந்தப் பேச்சு. இதைக் கேட்டுத்தான் நான் வெளியே ஓடினேன். நம்பரை அழித்தாயே, அது கைத் தவறு. வேறு நம்பரை எழுதினாயே, அது சோம்பேறித்தனமும் திமிரும். கூட்டத்துக்கு நடுவில் அந்தப் போன் கடைக்கு வரவில்லை என்றாயே, அது கோழைத்தனம். இதெல்லாவற்றுக்கும் நான் அழுதிருப்பேன், செருப்பால் அடித்திருப்பேன், பிறகு கட்டிக்கொண்டிருப்பேன். ஆனால் ‘அவங்களுக்கு இன்னா’ என்றாயே, அதற்கு என்ன பெயர் வைப்பது? அவளுக்கு ஒரு பெயர் இல்லை, மானம் இல்லை, நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கிற இரண்டு கை மட்டும்தான், அது எங்கே தேய்த்தால் என்ன என்றுதானே அர்த்தம்? உன் அம்மாவும் எஸ்டேட்டில் கூலிக்குச் சால்டர் வைத்தவள்தான். கேட்டில் தினமும் சாப்பாட்டுப் பையைக் கொட்டிச் சோதித்துத்தான் எங்களை வெளியே விடுவார்கள், போர்டைத் திருடிவிடுவோமாம். அந்தக் கேட்டைத் தாண்டி வந்து உனக்கு முட்டை அவித்துப் போட்டேன். அந்த முட்டை உன் உடம்பில் எங்கே போய் ஒட்டியது என்று தெரியவில்லை. சீ!

உன் அப்பாவையும் சொல்லிவிடுகிறேன், அவர் மட்டும் ஏன் தப்பிக்க வேண்டும். வீட்டுக்கு வந்து சொன்னேன். டிவி சத்தத்தைக் குறைத்தார், அவ்வளவுதான். “கல்யாணம் முடியட்டும். பொண்ணு வூட்டுக்கு தெரிஞ்சா இன்னா ஆவும்? அப்புறமா அந்த அம்மாவுக்கு ஏதாச்சும் பண்ணுவோம்” என்றார். பாம்புக்குத் தலையும் மீனுக்கு வாலும் காட்டியே வேலைக் காலத்தை ஓட்டிய மனுஷன். “முடியட்டும்னா, அது வரிக்கும் அவ தெனம் ஸ்டேஷன்ல போய் ஒக்காரணுமா?” என்றேன். “நீ எதுக்கெடுத்தாலும் கத்தாத” என்றார். உனக்கு அந்தக் குணம் எங்கிருந்து வந்தது என்று இனிமேல் நான் வெளியே தேட வேண்டியதில்லை.

ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். கடை என் பெயரில்தான் இருக்கிறது. அந்தப் போனை நான்தான் ஃப்ளாஷ் போட்டேன், நான்தான் நம்பரை எழுதினேன், என் பிள்ளைக்குத் தெரியாது என்று ஸ்டேஷனில் சொல்லிவிட்டால் என்ன என்று எனக்குத் தோன்றியது. எந்த அம்மாவுக்கும் தோன்றும். பார்வதி பழி நீங்கிவிடுவாள், உன் கல்யாணமும் நிற்காது, கிழவியை என்ன பெரிதாகச் செய்துவிடுவார்கள் என்று கணக்குப் போட்டு, எந்தப் புடவை கட்டிக்கொண்டு போவது என்பது வரை யோசித்துவிட்டேன். காலையில் கடையைத் திறந்து, ஒரு போனைக் கேபிளில் மாட்டி, நகல் எடுத்துக்கொண்டிருந்தபோதுதான் உறைத்தது. உன் நம்பரை அழித்துவிட்டு அந்த இடத்தில் என் நம்பரை எழுதுவதற்குப் பெயர் என்ன? நீ பார்வதிக்குச் செய்ததையே நான் உனக்குச் செய்கிறேன், அதுவும் பாசம் என்று பெயர் வைத்துக்கொண்டு. பார்ப்பதற்குச் சிக்னல் வரும். உள்ளே இருப்பது நீ இல்லை. அப்படி ஒரு பிள்ளையைத் தயார் பண்ணி ஒரு பெண்ணின் கையில் பிடித்துக் கொடுக்க என்னால் ஆகாது. அவளும் யாரோ பெற்ற பிள்ளை. தான் கட்டிக்கொள்கிறவன் யார் என்று பெட்டியையும் போனையும் வைத்துப் பார்த்துக்கொள்ளும் உரிமை அவளுக்கு இருக்கிறது. பார்த்துவிட்டு வேண்டாம் என்றால் அதுவும் அவள் உரிமை.

நேற்று சாயங்காலம் மறுபடி பார்வதி வீட்டுக்குப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். என்னைக் கும்பிட்டு, ‘வேணாங்க்கா, பையன் வாழட்டும்’ என்று சொல்லுவாள் என்று உன் அப்பா எதிர்பார்த்தார். அவள் அப்படி ஒன்றும் சொல்லவில்லை. “போனு வந்துச்சின்னு அவன் ஒரு வார்த்த சொல்லியிருந்தா நான் வெளிய வந்துருப்பேன், அத்த சொல்ல அவனுக்கு வாய் வர்ல” என்றாள். பிறகு வாசலைக் காட்டினாள். “ஸ்டேஷன்ல போய் உள்ளத சொல்ல சொல்லு. சொல்லிட்டு அப்டியே வந்து பத்திரிக வெய்யி. வாங்கிக்கறேன். அதுக்கு முன்னாடி இந்தப் பக்கம் வராதக்கா” என்றாள். நியாயம்தானே.

நீ என் போனை எடுப்பதில்லை. மெசேஜ் போட்டால் பார்க்காமலே அழித்துவிடுவாய், அழிப்பதில்தான் கெட்டிக்காரன் ஆயிற்றே. அதனால்தான் காகிதத்தில் எழுதுகிறேன். இதை இன்றைக்குக் காலையில் நம் கடை ஷட்டரில் ஒட்டப்போகிறேன். ‘வர்லயே சார்’ என்று நீ சொன்னதை இந்தத் தெரு அந்த ஷட்டருக்கு முன்னால் நின்றுதான் கேட்டது, ‘வந்தது’ என்பதையும் அதே இடத்தில் நின்று படிக்கட்டும். நூம்பல் அபார்ட்மெண்ட் வாசலிலும் ஒரு நகல் கொடுப்பேன், அந்த வெள்ளி டம்ளர் அம்மாவும் படிக்கட்டும். உனக்கு வந்து சேருமா என்று எனக்குக் கவலை இல்லை. பக்கத்து ஜூஸ் கடைக்காரர் போட்டோ எடுத்து அனுப்பிவிடுவார், அவர் போனுக்கு நான்தான் கேமரா மாற்றிக் கொடுத்தேன், நன்றாகவே விழும்.

நாளைக் காலையில் நான் ஸ்டேஷனுக்குப் போகிறேன். பார்வதி வீட்டில் வாங்காமல் திரும்பிய தட்டு நேற்று வரை ஃப்ரிட்ஜ் மேலேயே இருந்தது. வெற்றிலை சுருண்டு கறுத்திருந்தது, பூ அழுகி நாறியது. எடுத்துக் கொட்டிவிட்டு, மார்க்கெட்டில் புது வெற்றிலை வாங்கி வைத்திருக்கிறேன். அவள் வீடு நம் தெருக்கோடியில்தான் இருக்கிறது, ஆனாலும் இனிமேல் ஸ்டேஷனுக்குப் போய்விட்டு வந்தால்தான் எனக்கு அங்கே வழி. நீ வந்தால் அங்கே உன் வாயால் உன் பெயரைச் சொல். வராவிட்டால் என் வாயால் உன் பெயரைச் சொல்வேன். வேறு யார் பெயரையும் எழுத மாட்டேன், என் பெயரையும் எழுத மாட்டேன். நீ சொல்லிவிட்டால் அவர்கள் என்ன செய்தாலும், எத்தனை நாள் உள்ளே வைத்தாலும், வெளியே வெயிலில் நிற்கிறவள் நானாகத்தான் இருப்பேன். அந்த மட்டும் என்னைப் பற்றி உனக்குச் சந்தேகம் வேண்டாம்.

வருவதாக இருந்தால் காலையில் வெறும் வயிற்றோடு வராதே, இரண்டு இட்லியாவது சாப்பிட்டுவிட்டு வா. அங்கே எவ்வளவு நேரம் உட்கார வைப்பார்கள் என்று எனக்குத் தெரியாது, பார்வதிக்குத்தான் தெரியும்.